சக்கரவர்த்தியைச் சிறை வைத்த சேந்தமங்கலம்!

கள்ளக்குறிச்சி மாவட்டத்துக்குச் சுற்றுலா வருகிற வண்டிகள் பெரும்பாலும் மேற்கே திரும்புகின்றன. கல்வராயன் மலை, வெள்ளிமலை, மேகம் அருவி, பெரியார் அருவி என்று போய்க் குளித்துவிட்டு, தேனும் கடுக்காயும் வாங்கிக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். கிழக்கே போகிறவர்கள் குறைவு. தியாகதுருகம், எலவனாசூர்கோட்டை, உளுந்தூர்பேட்டை எல்லாம் தாண்டினால், திருநாவலூருக்குப் பக்கத்தில் கெடிலம் ஆற்றங்கரையில் ஓர் ஊர் இருக்கிறது. பெயர் சேந்தமங்கலம். வயலும் தோப்புமாக, அக்கம்பக்கத்து ஊர்களைப் போலத்தான் தெரியும்.

1231-ம் ஆண்டில் சோழச் சக்கரவர்த்தி மூன்றாம் ராஜராஜன் கைதியாக அடைபட்டிருந்தது இந்த ஊரில்தான்.

ஆமாம், தஞ்சைப் பெரிய கோயிலைக் கட்டிய பரம்பரை. கங்கை வரை படை அனுப்பி, கடல் தாண்டிக் கடாரத்தைப் பிடித்த ராஜேந்திரனின் பரம்பரை. அந்த வம்சத்து அரசரைப் பிடித்துவந்து பூட்டி வைத்தவர் டெல்லி சுல்தானோ வேறு நாட்டு மன்னரோ அல்ல. சோழர்களிடமே தலைமுறை தலைமுறையாக அதிகாரியாக இருந்த ஒரு குடும்பத்துக்காரர். பெயர் கோப்பெருஞ்சிங்கன்.

(ஒரு சின்ன எச்சரிக்கை: மொபைலில் 'சேந்தமங்கலம்' என்று தேடினால் நாமக்கல் மாவட்டத்தில், கொல்லிமலை அடிவாரத்தில் இருக்கும் சேந்தமங்கலமும் வரும். அதை நம்பி வண்டியை எடுத்தால் நேர் எதிர்த் திசையில் போய்ச் சேருவீர்கள். தேடும்போது உளுந்தூர்பேட்டை என்று சேர்த்துக்கொள்ளுங்கள்.)

யார் இந்தச் சிங்கன்?

கோ, பெரும், சிங்கன். மூன்றையும் சேர்த்தால் கோப்பெருஞ்சிங்கன். வடமொழிக் கல்வெட்டுகளில் இதையே 'மகாராஜசிம்மன்' என்று எழுதினார்கள். காடவர் குலம். காஞ்சியை ஆண்ட பல்லவர்களின் வழிவந்தவர்கள் தாங்கள் என்று சொல்லிக்கொண்டவர்கள். பல்லவர் ஆட்சி முடிந்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது. ஆனாலும் 'அழகிய பல்லவன்' என்ற பட்டத்தை விடவில்லை. அவர்களின் இன்னொரு பட்டம் 'அவனி ஆளப்பிறந்தான்'. உலகத்தை ஆள்வதற்கென்றே பிறந்தவனாம்! சோழர்களுக்குக் கீழே இருந்துகொண்டே இப்படி ஒரு பெயர். மனதுக்குள் என்ன ஓடியது என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

இந்தப் பெயரில் அடுத்தடுத்து இரண்டு பேர் ஆண்டார்கள், தந்தையும் மகனும் என்பது பெரும்பாலான ஆய்வாளர்களின் முடிவு. சோழரைச் சிறைபிடித்தவர் முதலாமவர். 1243-ல் ஆட்சிக்கு வந்து 36 ஆண்டுகள் கோலோச்சியவர் இரண்டாமவர்.

முதலாமவருக்கு வாய்ப்பு எப்படி வந்தது? சோழர் வீடு உள்ளுக்குள் இற்றுப்போயிருந்தது. மூன்றாம் ராஜராஜன் 1216-ல் பட்டத்துக்கு வந்தார். அந்தச் சமயத்திலேயே மதுரையிலிருந்து முதலாம் மாறவர்மன் சுந்தர பாண்டியன் படையெடுத்து வந்து தஞ்சையையும் உறையூரையும் கொளுத்தினார். சோழ நாட்டுக்குள்ளேயே ஆயிரத்தளி என்ற இடத்தில் வெற்றி முழுக்கு நடத்திக்கொண்டார். பிறகு, பிடித்த நாட்டைச் சோழரிடமே திருப்பிக் கொடுத்தார். 'சோணாடு வழங்கியருளியவர்' என்று அதையே ஒரு பட்டமாகவும் சூட்டிக்கொண்டார்.

எதிரியின் நாட்டைப் பிடிப்பது ஒரு பெருமை. பிடித்ததை அவன் கையிலேயே போட்டு, 'வைத்துக்கொள்' என்று சொல்வது அதைவிடப் பெரிய பெருமை. 13-ம் நூற்றாண்டுத் தமிழகத்தில் இது கிட்டத்தட்ட ஒரு சடங்கு. சேந்தமங்கலத்தின் கதையில் இது திரும்பத் திரும்ப வரும்.

தெள்ளாற்றில் நடந்தது

வந்தவாசிப் பக்கம் இருக்கும் ஊர் தெள்ளாறு. அங்கே நடந்த போரில் கோப்பெருஞ்சிங்கன் சோழரை வென்றார். அமைச்சர்களோடு சேர்த்துச் சக்கரவர்த்தியைப் பிடித்தார், சோழ நாட்டையும் எடுத்துக்கொண்டார் என்கிறது வந்தவாசி வட்டாரத்து வயலூர்க் கல்வெட்டு. அதில் கோப்பெருஞ்சிங்கனுக்குக் கொடுத்திருக்கும் பட்டம் 'சகலபுவன சக்கரவர்த்தி'. எல்லா உலகங்களுக்கும் சக்கரவர்த்தி!

இது வென்றவர் தரப்புச் செய்தி. அடுத்து என்ன ஆனது என்பதை அந்தத் தரப்பு சொல்லவில்லை. அதற்கு நாம் எதிர்த்தரப்பின் கல்வெட்டைத்தான் படிக்க வேண்டும். அது கெடிலம் ஆற்றின் கீழ்ப்பகுதியில், கடலூருக்குப் பக்கத்தில், திருவந்திபுரம் தேவநாதசுவாமி கோயிலில் இருக்கிறது. அடுத்த தடவை வேண்டுதலுக்கோ கல்யாணத்துக்கோ திருவந்திபுரம் போகிறவர்கள் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். தமிழ்நாட்டின் மிக முக்கியமான போர்ச் செய்திகளில் ஒன்று அந்தக் கோயில் கல்லில்தான் இருக்கிறது.

மூன்றாம் ராஜராஜனின் 16-ம் ஆட்சியாண்டில் வெட்டப்பட்ட கல்வெட்டு அது. செய்தி இப்படிப் போகிறது. கோப்பெருஞ்சிங்கன் சோழச் சக்கரவர்த்தியைச் சேந்தமங்கலத்தில் பிடித்து வைத்திருக்கிறான், அவன் படை ராஜ்யத்தை அழிக்கிறது, கோயில்களும் பெருமாள் தலங்களும் பாழாகின்றன என்ற செய்தி, கர்நாடகத்தின் துவாரசமுத்திரத்தில் இருந்த போசள மன்னர் வீர நரசிம்மரின் காதுக்கு எட்டுகிறது. இன்று நாம் ஹளேபீடு என்று சுற்றுலா போகிறோமே, அதுதான் துவாரசமுத்திரம். சோழ வீட்டுக்கு நரசிம்மர் உறவுக்காரர், அதோடு பாதுகாவலரும்கூட. அவர் ஒரு சபதம் எடுக்கிறார். 'சோழ மண்டலத்தை நிலைநிறுத்தியவன் என்ற பெயரைக் காப்பாற்றாமல் என் வெற்றிக் காளத்தை ஊத விடமாட்டேன்!'

கிளம்பிய படை நேராகச் சேந்தமங்கலம் வரவில்லை. முதலில் 'மகர ராஜ்யத்தை' வேரோடு பிடுங்கியது, அதன் அரசனையும் பெண்களையும் செல்வத்தையும் கைப்பற்றியது என்கிறது கல்வெட்டு. மகர ராஜ்யம் என்பது மகதை நாடுதான் என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். சின்னசேலம் தாண்டி, தலைவாசல் பக்கம் வசிஷ்ட நதிக்கரையில் இருக்கும் ஆறகழூர்தான் மகதையின் தலைமை ஊர். வாணகோவரையர்கள் ஆண்ட நாடு. அதாவது, கல்வராயன் மலையின் தென்புறச் சீமை. கைதியை மீட்கக் கிளம்பிய படையிடம் முதல் அடி வாங்கியது இந்த மலையடிவாரம்தான்.

பிறகு நரசிம்மர் ஸ்ரீரங்கத்துக்கு அருகே பாச்சூரில் முகாம் போட்டுக்கொண்டார். அப்பண்ணா, சமுத்திர கோப்பய்யா என்ற இரண்டு தண்டநாயகர்களை வடக்கே அனுப்பினார்.

நெருப்பு நடந்த வழி

இந்த இடத்தில் கல்வெட்டு ஒரு பயணக் குறிப்பு மாதிரி ஆகிவிடுகிறது. எந்த ஊரைப் பிடித்தோம், எந்த ஊரை அழித்தோம் என்று வரிசையாகப் பெயர் சொல்கிறது. எள்ளேரி, கள்ளியூர்மூலை, தொழுதகையூர். அங்கங்கே எதிர்த்தவர்களைக் கொன்றார்கள். கொல்லப்பட்டவர்களில் பராக்கிரமபாகு என்ற ஈழத்து இளவரசரும் ஒருவர். நடுவில் சிதம்பரத்துக்குப் போய்ப் பொன்னம்பலத்தைத் தொழுதார்கள். தொழுதுவிட்டு, தொண்டைமானல்லூரையும் சுற்றியுள்ள ஊர்களையும் அழித்தார்கள். காட்டை வெட்டினார்கள். திருப்பாதிரிப்புலியூரில் தங்கினார்கள். திருவதிகையை அழித்தார்கள். சேந்தமங்கலத்துக்குக் கிழக்கே கடல் வரைக்கும் குடியிருப்புகளைச் சுட்டார்கள், பெண்களைப் பிடித்தார்கள், கொள்ளையடித்தார்கள்.

இதையெல்லாம் எதிரி சொன்ன புகாராக நினைத்துவிட வேண்டாம். செய்தவர்களே பெருமையாகக் கல்லில் வெட்டி வைத்த வாக்குமூலம். கோப்பெருஞ்சிங்கன் கோயில்களைப் பாழாக்கினான் என்று குற்றம் சாட்டுகிற அதே கல்வெட்டு, திருவதிகையை அழித்ததைச் சாதனைப் பட்டியலில் சேர்க்கிறது. திருநாவுக்கரசரும் அவர் அக்கா திலகவதியாரும் வாழ்ந்த ஊர் அது.

இத்தனைக்கும் பிறகு, படை சேந்தமங்கலத்தை நெருங்கப் போகும் நேரத்தில் கோப்பெருஞ்சிங்கனுக்குப் பயம் வந்தது. 'சக்கரவர்த்தியை விட்டுவிடுகிறேன்' என்று நரசிம்மருக்குச் சொல்லி அனுப்பினார். அவரும் சம்மதித்தார். மூன்றாம் ராஜராஜன் வெளியே வந்தார். போசளத் தளபதிகள் அவரை அழைத்துப்போய்ச் சோழ நாட்டுக்குள் சேர்த்தார்கள். நரசிம்மரின் காளம் ஊதியிருக்கும்.

கணக்குப் பாருங்கள். சக்கரவர்த்திக்குக் கிரீடம் திரும்பக் கிடைத்தது. போசளருக்குப் பட்டம் கிடைத்தது. கோப்பெருஞ்சிங்கனுக்கு உயிரும் நாடும் மிஞ்சின. தலைநகரில் ஒரு செங்கல்லும் பெயரவில்லை. கெடிலக்கரையில் வீடு எரிந்தவர்களுக்கும், மனைவி மக்கள் பிடித்துச்செல்லப்பட்டவர்களுக்கும் யார் எதைத் திருப்பிக் கொடுத்தார்கள்? கோப்பெருஞ்சிங்கனை 'நம்ம ஊர் சிங்கம்' என்று கொண்டாடுகிறவர்களும், சோழர் பெருமை பேசுகிறவர்களும் இந்த இடத்தை வேகமாகக் கடந்துவிடுகிறார்கள். எனக்கு இதுதான் இந்தக் கதையின் நடுப்பகுதியாகத் தெரிகிறது.

பாரசீகத்தில் ஒரு தலைநகரம்

தலைநகரம், போர், நெருப்பு என்றதும் வரலாறு படித்தவர்களுக்கு ஈரான் நாட்டுப் பெர்சபோலிஸ் நினைவுக்கு வரும். கி.மு. 518 வாக்கில் முதலாம் தாரியஸ் தொடங்கிய நகரம். நாள்தோறும் கச்சேரி நடத்துகிற ஊர் என்பதைவிட, விழா எடுக்கவும் கப்பம் வாங்கவும் கட்டிய ஊர் என்று சொல்லலாம். அதன் படிக்கட்டுச் சுவர்களில் 23 நாட்டுக் குழுக்கள் பரிசுப் பொருட்களோடு வரிசையில் வருவது செதுக்கப்பட்டிருக்கிறது. சிந்து நதிக்கரையிலிருந்து போனவர்களும் அந்த வரிசையில் உண்டு. கி.மு. 330-ல் அலெக்சாண்டர் அதைப் பிடித்தார். அங்கிருந்த செல்வத்தைத் தூக்கிப்போக பத்தாயிரம் ஜோடிக் கோவேறு கழுதைகளும் ஐயாயிரம் ஒட்டகங்களும் தேவைப்பட்டதாகக் கிரேக்க எழுத்தாளர் புளூட்டார்க் எழுதுகிறார். பிறகு, அரண்மனைக்குத் தீ வைக்கப்பட்டது.

அங்கே ஊர்கள் தப்பினவோ என்னவோ, தலைநகர் எரிந்தது. இங்கே தலைநகர் தப்பியது, ஊர்கள் எரிந்தன. ஆனால் இரண்டுக்கும் பொதுவாக ஒன்று உண்டு. நடந்ததை நமக்குச் சொல்கிறவர்கள் வந்து அடித்தவர்கள்தான். பெர்சபோலிஸ் எரிந்த கதை கிரேக்கர் வழியாகவே நமக்கு வந்தது. சேந்தமங்கலம் பணிந்த கதை போசளர் வழியாகவே வந்தது.

இன்னொரு ஒற்றுமை கட்டடத்தில். பெர்சபோலிஸ் படங்களில் வானத்தைத் தொடும் கல் தூண்களும், நடுவெளியில் தனியாக நிற்கும் கல் வாசல்களும் பார்த்திருப்பீர்கள். பெரிய சபா மண்டபத்தில் இருந்த 72 தூண்களில் இன்று 13 நிற்கின்றன. சுவர்கள் எங்கே? அவை மண் செங்கல். கூரை மரம். கூரை எரிந்தது, சுவர் மழையில் கரைந்தது, கல் மட்டும் நின்றது.

நம் ஊரிலும் இதே கதைதான். ஒரு வித்தியாசம், தமிழ்நாட்டில் கல் சாமிக்கு. ராஜாவின் வீடு என்றால் செங்கல், மரம், ஓடு. அதனால்தான் இத்தனை பெரிய சோழப் பேரரசின் ஓர் அரண்மனையைக்கூட நம்மால் போய்ப் பார்க்க முடிவதில்லை. கங்கைகொண்ட சோழபுரத்தில் மாளிகைமேட்டைத் தோண்டினால் செங்கல் அடித்தளம்தான் வருகிறது. சேந்தமங்கலத்திலும் தமிழ்நாடு அரசு தொல்லியல் துறை 1990-களில் அகழாய்வு செய்தது. ஆனால் இன்று போகிறவர் கண்ணுக்கு அரண்மனை என்று நிமிர்ந்து நிற்கும் சுவர் எதுவும் தெரியாது. சக்கரவர்த்தியைப் பூட்டிய கதவும் இல்லை, பூட்டச் சொன்னவரின் சிம்மாசனமும் இல்லை. கோயில் மட்டும் இருக்கிறது.

வாளின் பெயரில் ஒரு கோயில்

இன்று அதை ஆபத்சகாயேஸ்வரர் கோயில் என்கிறோம். ஆபத்தில் உதவுகிறவர். அம்மன், பெரியநாயகி. கல்வெட்டுகளில் இதன் பழைய பெயர் வாணிலைகண்டீஸ்வரம். 'வாள் நிலை கண்டவன்' என்பது கோப்பெருஞ்சிங்கனின் போர்ப் பட்டம். தன் வாளின் பெயரையே சிவனுக்கு வைத்திருக்கிறார். நாளடைவில் ஊர் மக்கள் வாளை விட்டுவிட்டு, ஆபத்துக்கு உதவுகிறவராகச் சாமியை வைத்துக்கொண்டார்கள் போலும்.

கோயிலைப் பார்த்தால் கோயில் மாதிரியும் இருக்கும், கோட்டை மாதிரியும் இருக்கும். சுற்றிலும் கனத்த கல் மதில். கோபுர வாசல். உள்ளே தூண்கள் நிறைந்த மண்டபங்கள். சில இடங்கள் முழுசாக, சில இடங்கள் சிதைந்து. இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கிறது.

ஊருக்கு வெளியே இந்தக் கோயிலுக்கு ஏதாவது புகழ் உண்டென்றால் அது கல் குதிரைகளால்தான். தட்டினால் உலோகம் போல ஒலிக்கிற கல்லில் செய்தவை. ஒவ்வொரு பாகத்திலும் ஒவ்வொரு ஒலி. காலில் ஒன்று, கழுத்தில் ஒன்று. வருகிறவர்கள் எல்லாம் கையில் ஒரு கல்லை எடுத்துத் தட்டிப் பார்க்க ஆசைப்படுகிறார்கள். எண்ணூறு ஆண்டுகளாக நிற்கிற குதிரை. வீடியோ எடுப்பதற்காக ஆளுக்கு நாலு அடி அடித்தால் அது எத்தனை நாள் தாங்கும்? பிள்ளைகளை அழைத்துப் போகிறவர்கள் இதைக் கொஞ்சம் கவனித்துக்கொள்ளுங்கள்.

மகன் ஆண்ட காலம்

1231-ல் பணிந்ததோடு காடவர் கதை முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை. 1243-ல் பட்டத்துக்கு வந்த இரண்டாம் கோப்பெருஞ்சிங்கன், கல்வெட்டுகளில் தன் சொந்த ஆட்சியாண்டைப் போட ஆரம்பித்தார். இது சின்ன விஷயமாகத் தெரியலாம். அந்தக் காலத்தில் ஒரு சிற்றரசர் கல்வெட்டு வெட்டினால் 'இன்ன சக்கரவர்த்தியின் இத்தனையாவது ஆண்டு' என்றுதான் எழுத வேண்டும். 'என்னுடைய ஐந்தாவது ஆண்டு' என்று எழுதினால், எனக்கு மேலே யாரும் இல்லை என்று பொருள். அப்பா வாளால் சொல்லிப் பார்த்து நடக்காததை, மகன் நாள்காட்டியால் சொன்னார்.

சொன்னபடி நடந்தும் காட்டினார். சிதம்பரம், விருத்தாசலம், திருவண்ணாமலை, காஞ்சிபுரம் என்று அவர் கல்வெட்டுகள் பரவிக் கிடக்கின்றன. ஆந்திரத்தில் கோதாவரிப் பக்கத்துத் திராட்சாராமத்தில்கூட 1262-ம் ஆண்டுக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. சிதம்பரம் நடராசர் கோயிலின் கிழக்குக் கோபுரம் அவர் பணி. வாசலுக்குள் நுழையும்போது இருபுறமும் நாட்டியக் கரணச் சிற்பங்களைப் பார்த்திருப்பீர்கள். பரதநாட்டியம் கற்கிற பெண்கள் இன்றும் அவற்றைப் பார்த்துக் குறிப்பெடுக்கிறார்கள். அந்த அரசரின் பட்டங்களில் ஒன்று 'பரதம் வல்ல பெருமாள்'. சும்மா வைத்துக்கொண்ட பெயர் இல்லை என்று கோபுரத்தைப் பார்த்தாலே தெரிகிறது.

விருத்தாசலத்தில் இன்னொரு செய்தி. எனக்கு இந்தக் குடும்பத்தின் கல்வெட்டுகளிலேயே பிடித்தது இது. பெரம்பலூரில் நடந்த போரில் கோப்பெருஞ்சிங்கன், போசளத் தளபதி கேசவன் உள்ளிட்ட பலரைக் கொன்று, அவர்களின் பெண்களையும் செல்வத்தையும் கைப்பற்றினார். அதாவது, 1231-ல் கெடிலக்கரையில் போசளர்கள் செய்ததை அவர்களுக்கே திருப்பிச் செய்தார். பிறகு, அந்தக் கொலைகளின் பாவம் தீர்வதற்காக, திருமுதுகுன்றத்து இறைவனுக்கு ஓர் அணிகலன் செய்து போட்டார். அணிகலனுக்கு வைத்த பெயர், 'அவனி ஆளப்பிறந்தான்'.

பாவம் என்று ஒப்புக்கொள்கிறார். அதே மூச்சில் தன் பட்டப்பெயரையும் விடவில்லை. கொன்றது பாவம் என்று கல்லில் வெட்டி வைத்த அரசர்கள் எத்தனை பேர்? திருவந்திபுரத்துக் கல்வெட்டில் அத்தனை ஊர்களின் பெயர்களுக்கு நடுவே அப்படி ஒரு சொல் கிடையாது. ஆனால், பிடிபட்ட அந்தப் பெண்கள் என்ன ஆனார்கள் என்பதற்கு விருத்தாசலத்துக் கல்லிலும் பதில் கிடையாது.

மறுபடியும் ஒரு திருப்பிக் கொடுத்தல்

மதுரையில் 1251-ல் முதலாம் சடையவர்மன் சுந்தர பாண்டியன் அரியணை ஏறினார். சிதம்பரத்துக்கும் ஸ்ரீரங்கத்துக்கும் பொன் வேய்ந்தவர். கிளம்பினால் நெல்லூர் வரை போய் நிற்கிற ஆள். அவர் படை சேந்தமங்கலத்துக்கு வந்தது. இந்தத் தடவை நெருப்பு கிழக்கே கடற்கரையோடு நிற்கவில்லை. தலைநகரையே முற்றுகையிட்டார்கள். யானைகளும் கருவூலமும் பாண்டியன் கைக்குப் போயின. பிறகு? பிடித்த நாட்டைக் காடவரிடமே திருப்பிக் கொடுத்தார்!

முன்பு ஒரு தடவை இதே ஊரில் ஒரு சக்கரவர்த்தி, விடுதலையை இன்னொருவர் தயவில் வாங்கிக்கொண்டு வெளியே போனார். இப்போது அவரைப் பூட்டிய வீட்டுப் பிள்ளை, தன் சொந்த ஊரைத் தயவாக வாங்கிக்கொள்ள வேண்டியிருந்தது.

அதற்குப் பிறகும் கோப்பெருஞ்சிங்கன் ஆண்டார். ஆட்சியாண்டும் எழுதினார். அந்த எண்கள் 36 வரை ஓடி, 1279 வாக்கில் நின்றுபோகின்றன. வேடிக்கை என்னவென்றால், அதே 1279-ஐ ஒட்டித்தான் சோழர்களின் கடைசி அரசர் மூன்றாம் ராஜேந்திரனின் கல்வெட்டுகளும் நிற்கின்றன. சிறைபிடித்த வம்சமும் சிறைப்பட்ட வம்சமும் கிட்டத்தட்ட ஒரே நேரத்தில் காணாமல் போயின. நாடு மொத்தமும் பாண்டியர் கைக்குப் போனது. சேந்தமங்கலம் மறுபடியும் ஆற்றங்கரை ஊர் ஆனது.

எப்படிப் பார்ப்பது?

2019 நவம்பரில் கள்ளக்குறிச்சி தனி மாவட்டமானபோது உளுந்தூர்பேட்டை வட்டமும் அதனுடன் வந்தது. மாவட்டத்தின் மேற்கே மலை, கிழக்கே இந்தக் கெடிலக்கரை. மலைக்கு ஒரு நாள் வைத்தால், இதற்கும் ஒரு நாள் வைக்கலாம். கள்ளக்குறிச்சியிலிருந்து உளுந்தூர்பேட்டை பஸ்ஸில் சுமார் ஒரு மணி நேரம். சென்னை, திருச்சி பக்கமிருந்து வருகிறவர்களுக்கு இன்னும் எளிது, நெடுஞ்சாலையிலேயே உளுந்தூர்பேட்டை வந்துவிடும்.

எங்கள் யோசனை, ஆற்றோடு போங்கள். கெடிலம் இந்த மாவட்டத்தில், சங்கராபுரம் பக்கத்தில் பிறந்து கடலூரில் கடலில் கலக்கிற ஆறு. காலையில் சுந்தரர் பிறந்த திருநாவலூர். அங்கிருந்து சேந்தமங்கலம். கோயிலுக்குள் வெயில் ஏறுவதற்கு முன்பே மதிலைச் சுற்றி ஒரு நடை நடந்துவிடுவது நல்லது. குடிக்கத் தண்ணீரும் சாப்பிட ஏதாவதும் கையோடு எடுத்துக்கொள்ளுங்கள். மதியம் பண்ருட்டி. பலா சீசன் என்றால் சொல்லவே வேண்டாம். பண்ருட்டியை ஒட்டியே திருவதிகை வீரட்டானேசுவரர் கோயில். கோயில்கள் பகலில் நடை சாத்தி, சாயங்காலம்தான் திறக்கும் என்பதால் அதற்கேற்ப நேரத்தை அமைத்துக்கொள்ளுங்கள். கடைசியாகத் திருவந்திபுரம்.

தேவநாதசுவாமியைச் சேவித்துவிட்டு, கோயில் கல்வெட்டுகளுக்காகக் கொஞ்சம் நேரம் ஒதுக்குங்கள். எழுத்து பழைய எழுத்து, ஒன்றிரண்டு சொற்களைத்தான் நம்மால் கூட்டிப் படிக்க முடியும். திருப்பாதிரிப்புலியூர், திருவதிகை, சேந்தமங்கலம். அன்று காலையிலிருந்து நீங்கள் பஸ் பலகைகளில் பார்த்துக்கொண்டு வந்த வட்டாரம்தான் அந்தக் கல்லிலும் இருக்கிறது.